தெரிந்ததைக் கேட்டு வருபவர்கள்

யாழ்ப்பாணத்திலோ கிளிநொச்சியிலோ ஒருவர் கண்காணிக்கப்படுகிறார் என்று சொன்னால், வெளிநாட்டில் இருக்கும் உறவினர்கள் ஒட்டுக்கேட்கும் கருவிகளையும் இருட்டில் நிற்கும் ஆட்களையும் கற்பனை செய்துகொள்கிறார்கள். பெரும்பாலும் அது பகலில், படலையைத் தட்டி, வணக்கம் சொல்லித்தான் நடக்கும். மோட்டார் சைக்கிளில் சிவில் உடையில் வரும் புலனாய்வுக்காரர் செருப்பைக் கழற்றிவிட்டு விறாந்தையில் அமர்வார். தேநீர் கொடுத்தால் குடிப்பார். சுவரில் தொங்கும் படங்களைப் பார்ப்பார். மகன் எந்த நாட்டில் இருக்கிறார், எப்போது போனார், எவ்வளவு காசு அனுப்புகிறார், போன மாதம் நடந்த கூட்டத்துக்கு யார் யார் வந்தார்கள் என்று கேட்பார். இந்தக் கேள்விகளில் அநேகமானவற்றுக்கு அவரிடம் ஏற்கெனவே பதில் இருக்கும். கூட்டத்தின் படங்களை நாங்கள் முகநூலில் போடுவதற்கு முன்பே அவை அவருடைய கைப்பேசிக்கு வந்து சேர்ந்திருக்கும். பல வருடங்களாக இத்தகைய வருகைகளைப் பார்த்தும் கேட்டும் வந்ததில் எனக்கு ஒன்று உறுதியாகிவிட்டது: தகவல் திரட்டுவது இவற்றின் சிறு பகுதி மட்டுமே. நினைத்த நேரத்தில் உங்கள் விறாந்தையில் வந்து அமர முடியும் என்பதை உங்களுக்கும், அதைவிட முக்கியமாக வேலிக்கு மேலால் பார்த்துக்கொண்டிருக்கும் அயலவர்களுக்கும் தெரியப்படுத்துவதுதான் பெரும் பகுதி.

இந்த ஏற்பாடு 2009இல் போர் முடிந்த பிறகு முளைத்ததல்ல. அது எவ்வளவு காலமாக இருக்கிறது என்பதை அறிய வரலாற்று நூல்கள் தேவையில்லை. எங்கள் பக்கத்து வீடு எதிலும் உள்ள பத்திரப் பையைத் திறந்து பார்த்தால் போதும். ஒவ்வோர் இடப்பெயர்விலும் நகைக்கும் முன்னதாகத் தூக்கப்பட்டது அந்தப் பைதான். எங்கள் அம்மாவின் பையில் பிறப்புச் சாட்சிப் பத்திரங்களோடு குடும்ப அட்டை, நிவாரண அட்டை, கிராம சேவகர் தந்த உறுதிக் கடிதங்கள், கொழும்பில் லொட்ஜில் தங்கியபோது பொலிஸில் பதிந்த துண்டு, யாழ்ப்பாணத்தை விட்டு வெளியேறப் பெற்ற அனுமதிகள் என எல்லாம் இறப்பர் வளையம் போட்டு அடுக்கப்பட்டிருந்தன. காலாவதியான எதையும் அவர் எறிய விடுவதில்லை. என்றைக்காவது ஒருவர் வந்து, குறிப்பிட்ட ஒரு திகதியில் எங்கே இருந்தாய் என்று கேட்டால் காட்டுவதற்கு ஏதாவது வேண்டும் என்பது அவருடைய நியாயம். அந்த நியாயத்தை மறுத்துப் பேச எங்களில் எவருக்கும் துணிவு இருந்ததில்லை.

அடையாள அட்டையே எங்களுக்கு ஒரு தனி விவகாரம். நாட்டின் ஏனைய பகுதிகளில் வழங்கப்பட்ட அட்டைகள் சிங்களத்தில் மட்டும் இருந்தன. வடக்கிலும் கிழக்கிலும் வழங்கப்பட்டவற்றில் தமிழும் இருந்தது. 2014இல் எல்லோருக்கும் இரு மொழிகளிலும் வழங்கத் தொடங்கும் வரை இந்த வேறுபாடு நீடித்தது. காவலரணில் நிற்பவர் பெயரையோ பிறந்த இடத்தையோ வாசிக்க வேண்டியதில்லை, தமிழ் எழுத்து தென்பட்டாலே பேருந்திலிருந்து இறங்க வேண்டியவர்கள் யார் என்பது தெரிந்துவிடும். கொழும்பில் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, புறக்கோட்டைப் பகுதிகளில் அறை எடுத்துத் தங்கிய தமிழர்கள், வந்த காரணத்தையும் திரும்பும் நாளையும் பொலிஸில் பதிந்துவிட்டே தூங்கினார்கள். கடவுச்சீட்டுக்கு வந்தவர்கள், வைத்தியத்துக்கு வந்தவர்கள், வெளிநாட்டுத் தூதரக நேர்முகத்துக்குக் காத்திருந்தவர்கள் என்று 376 பேரை 2007 யூன் 7ஆம் திகதி அதிகாலையில் லொட்ஜுகளிலிருந்து எழுப்பிப் பேருந்துகளில் ஏற்றி அனுப்பினார்கள். மறுநாளே உயர் நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது, பிரதமர் வருத்தம் தெரிவித்தார், பலர் திரும்பிக் கொண்டுவரப்பட்டார்கள். எந்தெந்த லொட்ஜின் எந்தெந்த அறைகளைத் தட்ட வேண்டும் என்பதை அறியப் பெரும் புலனாய்வு எதுவும் தேவைப்பட்டிராது. அங்கிருந்தவர்கள் தாங்களே போய்ப் பதிந்துவைத்த விபரங்கள் பொலிஸ் நிலையங்களில் இருந்தன.

அதே பையில் வேறொரு கடதாசியும் இருந்தது. அதைச் சொல்லாமல் இதை எழுதுவது நேர்மையாகாது. தொண்ணூறுகளின் முற்பாதியில் யாழ்ப்பாணக் குடாநாட்டைப் புலிகள் ஆண்டபோது, அங்கிருந்து கொழும்புக்குப் போக அவர்களிடம் பாஸ் எடுக்க வேண்டும். போகிறவர் திரும்பி வருவார் என்று பிணை நிற்க ஒருவர் தேவை. வராவிட்டால் பதில் சொல்ல வேண்டியவர் அவரே. யார் எந்த வானொலி கேட்கிறார், யாருடைய தம்பி முன்பு வேறு இயக்கத்தில் இருந்தார் என்பதெல்லாம் அன்றும் யாரோ குறித்துக்கொண்டிருந்தார்கள். 1990 ஒக்ரோபரில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் சில மணி நேர அவகாசத்தில் வெளியேற்றப்பட்டபோது, பக்கத்துத் தெருவில் இருந்த நாங்கள் கதவைச் சாத்திக்கொண்டு இருந்ததற்கு வெறுப்பு அல்ல, பயமே காரணம் என்று இன்று பலர் சொல்கிறார்கள். அதை நான் நம்புகிறேன். ஆனாலும் அரசாங்கத்தின் கண்காணிப்பைப் பற்றி மேடையில் கண்ணீர் மல்கப் பேசுகிற சிலர் இந்தப் பாஸ் காலத்தை ஒரு வரியில் தாண்டிப் போகும்போது எனக்கு எரிச்சல் வருகிறது. வாயை மூடிக்கொண்டு வாழும் பயிற்சியை எங்களுக்குத் தந்தவர்கள் ஒரே ஒரு சீருடையில் வரவில்லை.

1995 ஒக்ரோபர் இறுதியில், யாழ்ப்பாண நகரை உள்ளடக்கிய வலிகாமமே காலியாகி மக்கள் குடாநாட்டின் மறுபகுதியான தென்மராட்சிக்கு நடந்தார்கள். டிசம்பரில் யாழ்ப்பாண நகரம் இராணுவத்தின் கைக்கு வந்தது. அடுத்த ஆண்டு திரும்பி வந்தவர்களுக்கு வீட்டைக் கூட்டிப் பெருக்கும் முன்பே பதிவு தொடங்கிவிட்டது. பிறகு சுற்றிவளைப்புகள். விடியுமுன் ஊரை வளைத்து, ஆண்களைப் பள்ளிக்கூட மைதானத்துக்கோ கோயில் வீதிக்கோ கூட்டிவந்து, முகத்தை மூடிய ஒருவருக்கு முன்னால் வரிசையாக நடக்க விடுவார்கள். துணியில் கண்களுக்கு மட்டும் துளை இருக்கும். தலையாட்டி என்று எங்கள் ஊர்களில் சொல்லப்பட்ட அந்த மனிதர் தலையை அசைத்தால் அந்த இடத்திலேயே ஒருவருடைய வாழ்க்கை திசைமாறும். இந்திய இராணுவம் இருந்த காலத்திலேயே எங்களுக்குப் பழக்கமாகியிருந்த ஏற்பாடு இது. பிடித்துச் செல்லப்பட்டவர்களைப் பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது. பிடிபடாமல் வீடு திரும்பியவர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதை எவரும் அதிகம் எழுதவில்லை. அன்றிரவு ஒவ்வொரு வீட்டிலும் அந்த முகமூடிக்குள் இருந்தது யார் என்ற ஆராய்ச்சி நடக்கும். உயரம், நடை, காலில் இருந்த தழும்பு என்று ஆளாளுக்கு ஊகிப்பார்கள். தவறான ஊகங்களால் முறிந்த சம்பந்தங்களும் நின்றுபோன கொடுக்கல் வாங்கல்களும் எங்கள் ஊரிலேயே உண்டு. தலையாட்டி உண்மையில் வெளியூர்க்காரராக இருந்திருக்கலாம். ஊருக்குள் விழுந்த வெடிப்புக்கு அது ஒரு பொருட்டாக இருக்கவில்லை.

2006 ஓகஸ்டில் குடாநாட்டைத் தெற்கோடு இணைக்கும் ஏ-9 வீதி மூடப்பட்டபோது குடாநாடு மறுபடியும் ஒரு தீவாயிற்று. கப்பலிலோ விமானத்திலோ வெளியேறுவதற்கு இராணுவத்தின் கிளியரன்ஸ் வேண்டும். மரண வீட்டுக்குப் போவதானாலும் விண்ணப்பித்துக் காத்திருக்க வேண்டும். அந்த மூன்று வருடங்களை எழுதினால் அது வேறு கட்டுரையாகிவிடும்.

போர் முடிந்த பிறகு வந்ததுதான் நான் முதலில் சொன்ன விறாந்தைக் காலம். 2011 தொடக்கத்தில் யாழ்ப்பாணத்திலும் கிளிநொச்சியிலும் இராணுவம் வீடு வீடாகப் போய்ப் படிவம் நிரப்பி, குடும்பத்தை முற்றத்தில் நிறுத்திப் படம் எடுத்தது. தமிழ்த் தேசியக் கூட்டமைப்பின் நாடாளுமன்ற உறுப்பினர்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். பதிவை நிறுத்துவதாகச் சட்டமா அதிபர் தரப்பு உறுதியளித்தது. எடுத்த படங்களும் நிரப்பிய படிவங்களும் என்னவாயின என்பது எங்களுக்குச் சொல்லப்படவில்லை. நிறுத்தப்பட்ட பதிவின் இடத்தில் வேறு வழிகள் வந்தன. விளையாட்டுக் கழகத்தின் நிர்வாகத் தெரிவுக்கு யார் யார் போட்டியிடுகிறார்கள் என்று கழகச் செயலாளரிடம் கேட்பார்கள். ஆண்டு விழாவுக்குப் பிரதம விருந்தினராக யாரை அழைத்திருக்கிறீர்கள் என்று அதிபரிடம் கேட்பார்கள். புதிதாக வாடகைக்கு வந்தவரின் விபரம் கிராம சேவகரிடம் கேட்கப்படும். இவர்களில் ஒருவரும் உளவாளி அல்லர். கேட்டால் சொல்லத்தான் வேண்டும் என்ற நிலையில் வைக்கப்பட்ட, சம்பளத்துக்கும் இடமாற்றத்துக்கும் அஞ்சுகிற சாதாரண மனிதர்கள். கண்காணிப்பு மலிவாக நடப்பதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன்: வேலையின் பெரும் பகுதியைச் செய்வது கண்காணிக்கப்படுகிறவர்களே.

நாங்கள் சிலர் சேர்ந்து ஒரு நினைவுக் கருத்தரங்குக்கு மண்டபம் எடுத்திருந்தோம். முற்பணம் கட்டி, அழைப்பிதழ் அடித்து, தேநீருக்கும் சொல்லியாயிற்று. முதல் நாள் மாலை மண்டப உரிமையாளர் அழைத்தார். "தம்பி, குறை நினையாதையும். நாளைக்கு மண்டபத்திலை கரண்ட் வேலை செய்விக்க இருக்கு" என்றார். மாலை ஆறு மணிக்குத் தீர்மானிக்கப்பட்ட அந்த மின்சார வேலையைப் பற்றி எங்களில் எவரும் மேற்கொண்டு ஒரு கேள்வி கேட்கவில்லை. அவரும் முற்பணத்தை ஒரு சதம் குறையாமல் திருப்பித் தந்தார். அவரை வெருட்டினார்களா அல்லது ஒருவர் வந்து தேநீர் குடித்துவிட்டு மட்டும் போனாரா என்பது எனக்குத் தெரியாது. இரண்டுக்கும் விளைவு ஒன்றுதான். அதன் பிறகு அந்த வகைக் கூட்டங்களுக்குப் பெரிய மண்டபம் தேடுவதையே விட்டுவிட்டோம். தலைப்பை மெதுவாக்கினோம், அழைப்பிதழில் பேச்சாளர்களின் பெயரைப் போடாமல் விட்டோம், பிறகு அழைப்பிதழையே விட்டோம். யாரும் எதையும் தடைசெய்யவில்லை. தடையுத்தரவு என்று காட்ட எங்களிடம் ஒரு துண்டுக் கடதாசிகூட இல்லை.

வன்னியில் இது பிழைப்போடும் பின்னப்பட்டிருக்கிறது. புனர்வாழ்வு பெற்று வந்த முன்னாள் போராளிகள், ஏறத்தாழ 12,000 பேர், வீடு மாறினாலும் தொழில் மாறினாலும் விசாரணைக்கு உரியவர்கள். அவர்களில் பலருக்கும், போரில் எல்லாவற்றையும் இழந்த வேறு பலருக்கும் வேலை கொடுத்தது சிவில் பாதுகாப்புத் திணைக்களம், அதாவது பாதுகாப்பு அமைச்சின் கீழ் வரும் ஓர் அமைப்பு. கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் பண்ணைகளை நடத்தியதும் முன்பள்ளி ஆசிரியைகள் பலருக்குச் சம்பளம் கொடுத்ததும் அதுவே. ஏனைய முன்பள்ளிகளில் கிடைத்ததைவிடப் பல மடங்கு அதிகமான சம்பளம். மூன்று வயதுப் பிள்ளைக்கு அகரம் சொல்லிக்கொடுக்கும் ஆசிரியையின் ஊதியம் பாதுகாப்பு அமைச்சிலிருந்து ஏன் வர வேண்டும் என்று யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு கேட்பது எளிது. அந்தச் சம்பளத்தில் கூரை போட்ட பெண்ணிடம் நான் அதைக் கேட்கத் தயாரில்லை.

மற்ற எல்லாவற்றையும்விட என்னை அதிகம் யோசிக்க வைப்பது துக்கத்தின் மீதான கண்காணிப்பு. நவம்பர் 27, இறந்த புலிப் போராளிகளை நினைவுகூரும் மாவீரர் நாள். மே 18 முள்ளிவாய்க்கால் நாள். இந்த இரண்டு திகதிகளையும் சுற்றியுள்ள வாரங்களில் விளக்கு, மணி, பூ, கஞ்சி ஆகிய நான்கும் சந்தேகத்துக்குரிய பொருட்களாகிவிடும். நவம்பர் 27 மாலையில் கோயில் மணியை அடிக்க வேண்டாம் என்று குருக்கள்மாருக்குச் சொல்லப்பட்ட வருடங்கள் உண்டு. கார்த்திகை விளக்கீடு இதே வாரத்தில் வருகிற வருடங்களில் சிக்கல் இரட்டிப்பாகும், ஏனென்றால் வாசலில் எரிகிற சிட்டி விளக்கு முருகனுக்கா மகனுக்கா என்று பார்த்து முடிவுசெய்ய எவராலும் முடியாது. 2012இல் அப்படித்தான் நடந்தது. யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மாணவிகள் விடுதிக்குள் இராணுவம் புகுந்தது. மறுநாள் எதிர்ப்புத் தெரிவித்த மாணவர்கள் தாக்கப்பட்டார்கள். நால்வர் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதாகி வெலிகந்தைப் புனர்வாழ்வு முகாமுக்கு அனுப்பப்பட்டார்கள். 2020 கார்த்திகையிலும் விளக்குகள் தட்டிவிடப்பட்ட செய்திகள் வந்தன. அதே பல்கலைக்கழகத்தில் முள்ளிவாய்க்கால் நினைவுத்தூபி 2021 ஜனவரி 8ஆம் திகதி இரவோடிரவாக இடிக்கப்பட்டு, மாணவர்களின் போராட்டத்துக்குப் பிறகு சில நாட்களில் மறுபடியும் அடிக்கல் நாட்டப்பட்டு, ஏப்ரலில் திறக்கப்பட்டது.

கஞ்சியின் கதை இதிலும் விசித்திரமானது. முள்ளிவாய்க்காலில் கடைசி வாரங்களில் அரிசியும் தண்ணீரும் உப்பும் மட்டும் போட்டுக் காய்ச்சிக் குடித்ததை நினைவுகூர மே மாதத்தில் தெருவோரத்தில் அதே கஞ்சியைக் காய்ச்சிப் போவோர் வருவோருக்கெல்லாம் கொடுக்கிறார்கள். 2024 மே மாதத்தில் திருகோணமலை மாவட்டம் சம்பூரில் அப்படிக் கொடுத்ததற்காக, மூன்று பெண்கள் உட்பட நால்வர் கைதானார்கள். அதற்குப் பயன்படுத்தப்பட்டது, குடியியல், அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையை உள்நாட்டில் நடைமுறைப்படுத்த 2007இல் இயற்றிய சட்டம். உரிமைச் சட்டத்தால் கஞ்சிப் பானையைத் தடுக்கலாம் என்று கண்டுபிடித்தவரின் மூளையை வியக்காமல் இருக்க முடியவில்லை.

ஒரு தாய் தன் பிள்ளையின் படத்துக்கு விளக்கு வைப்பதற்கு முன் யன்னலைச் சாத்துகிறாள் என்பதை நான் பல வீடுகளில் பார்த்திருக்கிறேன். போருக்குப் பிறகு பிறந்து வளர்ந்த பேரப்பிள்ளைகளுக்கு அந்த யன்னல் சாத்தும் பழக்கம் விளக்கு வைக்கும் முறையின் ஒரு பகுதியாகவே தெரிகிறது. எண்ணெய் விடுவது, திரி போடுவது, யன்னலைச் சாத்துவது என்ற வரிசையில் அவர்கள் அதைக் கற்றுக்கொள்கிறார்கள். ஏன் என்று கேட்காமலே செய்கிறார்கள். படிவங்களும் புகைப்படங்களும் எந்த அலுமாரியில் இருந்தாலும், இந்தப் பழக்கத்தை எங்கள் வீடுகளுக்குள் விட்டுவிட்டுப் போனதுதான் மிகப் பெரிய சேதம் என்று நான் கருதுகிறேன்.

காணாமலாக்கப்பட்டோரின் உறவினர்கள் இதற்கு ஒரு விதிவிலக்கு. 2017 பெப்ரவரி 20ஆம் திகதி கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் தொடங்கிய அவர்களுடைய போராட்டம் தெருவிலேயே நடக்கிறது. அதற்குச் சாத்த யன்னல் கிடையாது. வீதியின் மறுபக்கத்தில் கைப்பேசியை உயர்த்திப் படம் எடுப்பவர்களை அவர்களுக்கு முகம் தெரியும்; சிலருக்குப் பெயரும் தெரியும். ஊர்வலத்துக்கு முதல் நாள் எத்தனை மணிக்கு, எத்தனை பேர் என்று தொலைபேசியில் கேட்பவர்களுக்குச் சில அம்மாமார் நேரத்தைச் சரியாகவே சொல்லிவிடுகிறார்கள். பதினைந்து வருடங்களுக்கும் மேலாகப் பிள்ளையைத் தேடுகிற ஒருவரிடம் மறைப்பதற்கு என்ன இருக்கிறது? ஆனாலும் அவர்களுடைய துணிவைக் காட்டி மற்றவர்களின் பயத்தைப் பழிப்பது தவறு. 2024 ஜனவரியில் ஜனாதிபதியின் வவுனியா வருகைக்கு எதிராக நின்றபோது மாவட்டச் சங்கத்தின் தலைவியே கைதுசெய்யப்பட்டார். பிள்ளை திரும்பாமலே இறந்துபோன பெற்றோரும் அவர்களில் பலர் உண்டு.

கைப்பேசி வந்தபின் விறாந்தைக்கு வருவது குறைந்திருக்கிறது. அது எவருடைய நல்ல மனத்தாலும் அல்ல. நாங்களே எல்லாவற்றையும் எழுதி, படம் எடுத்து, திகதியும் இடமும் சேர்த்துப் போட்டுவிடுகிறோம். அச்சடித்த புத்தகமும் தப்புவதில்லை: மன்னாரைச் சேர்ந்த இளம் கவிஞர் அஹ்னாப் ஜஸீம் தன் தமிழ்க் கவிதைத் தொகுப்புக்காக 2020 மே மாதத்தில் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதாகி, 2021 டிசம்பரில்தான் பிணையில் வந்தார். 2023 டிசம்பரில் புத்தளம் மேல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. வன்முறையைக் கண்டிக்கிற கவிதைகளும் அதில் இருந்தன. 2024இல் ஆட்சி மாறிய பின் அந்த ஆண்டு மாவீரர் நாள் போராளிகள் அடக்கப்பட்ட துயிலும் இல்லங்களில் பெரும்பாலானவற்றில் பெரிய இடையூறின்றி நடந்தது என்பதையும் சொல்ல வேண்டும். அதே வாரத்தில் முகநூல் பதிவுகளுக்காகச் சிலர் கைதானார்கள் என்பதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். பயங்கரவாதத் தடைச் சட்டம் 1979இல் தற்காலிகமாகக் கொண்டுவந்து, 1982இல் நிரந்தரமாக்கப்பட்டது. நீக்குவோம் என்று வாக்குறுதியளித்து வந்தவர்களின் காலத்திலும் அது கையில் எடுக்கப்பட்டது.

எங்கள் ஒழுங்கையில் ஓய்வுபெற்ற கணித ஆசிரியர் ஒருவர் இருக்கிறார். 2011 பதிவின்போது அவருடைய முற்றத்தில் எடுக்கப்பட்ட படத்தில் அவரும் மனைவியும் மூன்று பிள்ளைகளும் நிற்கிறார்கள். அதற்கு அடுத்த வருடம் மூத்தவர் வெளிநாடு போனார், பிறகு இளையவர். மனைவி இப்போது இல்லை. ஐந்து பேரும் சேர்ந்து நிற்கும் வேறு படம் அவர்களிடம் இல்லை, இருந்த பழைய அல்பங்கள் இடப்பெயர்வில் போய்விட்டன. 2016இல் நிறைவேறிய தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் அவர் ஓர் அலுவலகத்துக்கு விண்ணப்பம் போட்டார்: எந்தச் சட்டத்தின் கீழ் அந்தப் பதிவு நடந்தது, படிவங்கள் இப்போது யாருடைய பொறுப்பில் இருக்கின்றன, தன் குடும்பப் படத்தின் பிரதி ஒன்றைக் கட்டணம் செலுத்திப் பெற முடியுமா என்று மூன்று கேள்விகள். தேசிய பாதுகாப்புக் காரணமாகத் தகவல் வழங்க முடியாது என்று இரண்டு வரியில் பதில் வந்தது. குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடம் மேன்முறையீடு செய்யப் பதினான்கு நாட்கள் அவகாசம் உண்டு. கடிதத்தைத் தட்டச்சுச் செய்து தரும்படி மாஸ்ரர் என்னிடம் வந்தார். "இந்தமுறை படத்தை முதலாவதாப் போடும், சட்டத்தை மூண்டாவதாப் போடும்" என்றார். பேரப்பிள்ளைக்குக் கேட்கும் விதமாக அதைச் சத்தமாகவே சொன்னார். பதிவுத் தபாலில் அனுப்பியிருக்கிறோம்.